நார்மலுக்கு ஒரு ஆள்

அன்றைக்குக் காலையில் ஆஸ்பத்திரி முழுக்கத் தேடியும் எனக்கு ஒரு நார்மலான ஆள் கிடைக்கவில்லை.

சிரிக்காதீர்கள், என் வேலை அப்படி. ரத்தப் பரிசோதனைக் கூடத்தின் கடைசி அறையில், திறக்கவே வராத ஒரு ஜன்னலுக்குப் பக்கத்தில், தட்டணுக்கள் ஒழுங்காக வேலை செய்கின்றனவா என்று பார்க்கும் மிஷின் ஒன்று இருக்கிறது. பதினாறு வருஷமாக அதற்கு நான்தான் காவல். தட்டணு எத்தனை இருக்கிறது என்று எண்ணுவது வேறு வேலை. முன்னறையில் இருக்கும் பெரிய மிஷின் அதை ஒரு நிமிஷத்தில் எண்ணித் தள்ளிவிடும். காயம் பட்ட இடத்துக்கு ஓடிவந்து, ஒன்றோடு ஒன்று ஒட்டி, ஓட்டையை அடைக்க வேண்டியவை தட்டணுக்கள். நிஜமாகவே ஒட்டுகின்றனவா, சும்மா கூட்டத்தைப் பார்க்க வந்தவையா என்று கண்டுபிடிப்பது என் மிஷின்.

இந்தச் சோதனைக்கு ஆயிரம் நொரநாட்டியம் உண்டு. ரத்தம் எடுத்த நாலு மணி நேரத்துக்குள் முடிக்க வேண்டும். ஐஸில் வைக்கக் கூடாது. குலுக்கக் கூடாது. வார்டிலிருந்து கூடத்துக்குக் காற்றழுத்தத்தில் சாமான் அனுப்பும் குழாய் இருக்கிறதே, அதில் போடவே கூடாது. கையில் பிடித்துக்கொண்டு நடந்து வர வேண்டும். எல்லா வார்டிலும் இதைச் சிவப்பு எழுத்தில் எழுதி ஒட்டியிருக்கிறேன். போன வாரம்கூட ஒரு நர்ஸம்மா ஐஸில் வைத்துக் குழாயிலும் போட்டுவிட்டு, "ரொம்பப் பத்திரமா அனுப்பியிருக்கேன் மேடம்" என்று போனில் சொன்னார். நான் அந்த நோட்டீஸைச் சுவர் படித்துக்கொள்ளட்டும் என்றா ஒட்டினேன்?

எல்லாவற்றுக்கும் மேலே, நோயாளியின் ரத்தத்தோடு ஆரோக்கியமான ஒருவரின் ரத்தத்தையும் அன்றே சேர்த்துச் சோதிக்க வேண்டும். அது நன்றாக ஒட்டினால்தான், தட்டணுக்களை ஒட்டத் தூண்டும் மருந்தும் மிஷினும் சரியாக இருக்கின்றன என்று அர்த்தம். அப்படி ரத்தம் கொடுப்பவருக்கு எங்கள் பாஷையில் நார்மல் என்று பெயர். வழக்கமான நார்மல், என்னோடு வேலை பார்க்கும் குண்டூசி. உடம்பு ஒல்லி, தலை கொஞ்சம் பெரிசு. அந்தப் பெயரை நான் வைக்கவில்லை, வைத்தவருக்கு நல்ல கண்.

ஒன்பதரை மணிக்கு நோயாளி வந்து உட்கார்ந்துவிட்டார். ஒரு தச்சர். கடைவாய்ப் பல்லைப் பிடுங்கி மூன்று நாளாகியும் ரத்தம் நிற்கவில்லை என்று பல் டாக்டர் பயந்துபோய் அனுப்பியிருந்தார். விவரமான டாக்டர், தட்டணுவைத் தொந்தரவு செய்யாத வலி மாத்திரையாகப் பார்த்துக் கொடுத்திருந்தார். நான் குண்டூசியைக் கையை நீட்டச் சொன்னேன். அவன் தலையைச் சொறிந்தான்.

"மேடம், காலையில ஒரு தலைவலி மாத்திரை போட்டுட்டேன்."

"இன்னைக்கு டெஸ்ட் இருக்குன்னு நேத்து நாலு தடவை சொன்னேனா இல்லையா?"

"தலைவலி இன்னைக்குதானே மேடம் வந்துச்சு."

அவன் போட்டிருந்த மாத்திரை தட்டணுக்களின் கையைக் கட்டிப்போடுகிற ஜாதி. இனிமேல் பத்து நாளைக்கு அவன் எனக்குப் பிரயோஜனப்பட மாட்டான். திட்டிக்கொண்டே வேறு ஆள் தேடிக் கிளம்பினேன். எங்கள் கூடத்துக்குத் தலைவரான பெரிய டாக்டருக்கு முழங்கால் வலி, மாத்திரை. வரவேற்பில் இருக்கும் பெண்ணுக்கு முதுகு வலி, மாத்திரை. கேன்டீன்காரர், "மாத்திரைன்னு ஒண்ணை நான் தொட்டதே இல்லீங்க" என்று நெஞ்சை நிமிர்த்தினார். அறைவரைக்கும் கூட்டிவந்த பிறகு, "இடுப்புக்கு மட்டும் தினம் ஒண்ணு, அது கணக்குல வராதுல்ல?" என்றார். என்னைக் கேட்கவே வேண்டாம். இரண்டு வருஷத்துக்கு முன்னால் என் தட்டணுக்கள் ஒட்டக் கூடாத இடத்தில், இதயத்துக்குப் போகும் குழாயில், ஒட்டிக்கொண்டு என்னை இதே ஆஸ்பத்திரியில் படுக்க வைத்தன. அதிலிருந்து அவற்றை அடக்கி வைக்கத் தினமும் மாத்திரை. எண்ணூறு பேர் வேலை பார்க்கும் கட்டடத்தில் மாத்திரை போடாத ஜீவன் ஒன்றுகூட இல்லை. நாங்களெல்லாம் சேர்ந்து ஊருக்கு வைத்தியம் பார்க்கிறோம்.

திரும்பி வந்தால், என் அறை வாசலில் பையை மடியில் வைத்துக்கொண்டு என் தங்கை உட்கார்ந்திருந்தாள்.

அவள் மத்தியானம் வந்து சேர வேண்டியவள். மறுநாள் காலை எட்டு மணிக்கு அவளுக்கு ஆபரேஷன். கர்ப்பப்பையை எடுக்கிறார்கள். முப்பத்தி நாலு வயது, கல்யாணமாகி ஐந்து வருஷம், குழந்தை இல்லை. மாதத்தில் பத்து நாள் ரத்தம் கொட்டும். இரண்டு தடவை ரத்தம் ஏற்றியாகிவிட்டது. ஹார்மோன் மாத்திரை, ஊசி, எதற்கும் அடங்கவில்லை. ஆபரேஷனில் அவளுக்குத் துளியும் இஷ்டமில்லை. ஒரு பிள்ளை வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றாள். அவள் வீட்டுக்காரர், "அவ இஷ்டம்" என்று ஒதுங்கிக்கொண்டார். நான் ஒதுங்கவில்லை. நீயே இல்லாமல் போன பிறகு பிள்ளை எதற்கு என்று மூன்று மாதம் தொண்டைத் தண்ணீர் வற்றக் கத்தி, கையெழுத்துப் போட வைத்தேன்.

அவள் என்னைவிடப் பன்னிரண்டு வயது சின்னவள். வீட்டில் அவளுக்குத் தொட்டாச்சிணுங்கி என்று பெயர். மேஜை முனையில் இடித்துக்கொண்டால் ஒரு வாரம் நீலம். விளையாட்டாகக் கிள்ளினால் அதுவும் நீலம். மூக்கில் ரத்தம் வந்தால் அரை நாள் பள்ளிக்கூடம் போச்சு. அம்மா பதறுவாள். நான் அவள் ரத்தத்தை எடுத்து வந்து முன்னறை மிஷினில் எண்ணிப் பார்ப்பேன். இரண்டரை லட்சம். அடுத்த வருஷம் இரண்டு லட்சத்து எழுபதாயிரம். "கவுன்ட் நார்மல். சும்மா ஊரைக் கூட்டாதே" என்பேன். எங்கள் வீட்டில் ரத்தத்துக்கு நான்தான் அதிகாரி. நான் சொன்னதற்கு மேல் அப்பீல் கிடையாது.

"ஏண்டி இப்பவே வந்துட்டே? ரெண்டு மணிக்குத்தானே அட்மிஷன்?"

"வீட்டுல உக்கார முடியலக்கா. எவ்வளவு நேரம் சுவத்தையே பார்த்துட்டிருக்கிறது?"

குண்டூசி அதற்குள் எங்கள் சோகக் கதையை அவளிடம் ஒப்பித்துவிட்டிருந்தான். அவள் முழங்கைக்கு மேல் துணியைச் சுருட்டிக்கொண்டே சொன்னாள். "நான் பதினஞ்சு நாளா ஒரு வலி மாத்திரைகூடப் போடலை. ஆபரேஷனுக்காக எல்லாத்தையும் நிறுத்தச் சொல்லிட்டாங்க. இரும்புச்சத்து மாத்திரை மட்டும்தான். எடுத்துக்கோ. எப்படியும் கீழதானே போகுது."

அவள் பேச்சு எப்போதும் இப்படித்தான். ஆனால் இரும்புச்சத்து மாத்திரையால் என் சோதனைக்குப் பாதகம் இல்லை. மணி பத்தரை. தச்சர் வாயில் பஞ்சைக் கடித்துக்கொண்டு என்னையே முறைத்துக்கொண்டிருந்தார்.

நார்மலாக வருகிறவர்களுக்கு ஒரு படிவம் வைத்திருக்கிறேன். நானே யோசித்து யோசித்துத் தயாரித்தது. உடம்பு எளிதில் கன்றிப்போகுமா? மூக்கில் ரத்தம் வருமா? பல் பிடுங்கினால் வெகுநேரம் ரத்தம் வருமா? மாதவிலக்கில் அதிகம் போகுமா? பேனாவை எடுத்து நாலு கேள்விக்கும் 'இல்லை' என்று நானே டிக் அடித்தேன். மாதவிலக்குக் கேள்விக்கும்தான். அவளுக்கு இருப்பது கர்ப்பப்பைக் கோளாறு, ரத்தத்தில் ஒன்றும் இல்லை என்று என் மண்டையில் ஆணி அடித்து வைத்திருந்தேன். அவள் எதிரிலேயே உட்கார்ந்திருந்தாள். நான் வாயைத் திறந்து அவளிடம் ஒரு கேள்வி கேட்கவில்லை.

முதலில் தச்சரின் ரத்தம். மெதுவாகச் சுற்றி, மேலே தெளிந்து நிற்கும் மங்கலான திரவத்தை எடுத்து, மிஷினில் வைத்து மருந்தை விட்டோம். தட்டணுக்கள் ஒட்ட ஒட்டத் திரவம் தெளியும், திரையில் கோடு ஏறும். ஏறியது. உச்சிக்குப் போய் அசையாமல் நின்றது. நாலு வகை மருந்துக்கும் அப்படியே. அந்த மனுஷனுக்கு ஒரு கோளாறும் இல்லை.

"வாயைக் கொப்பளிச்சீங்களா?" என்று கேட்டேன்.

"ரத்தம் வருதேன்னு கால் மணிக்கு ஒரு தடவை கொப்பளிச்சேங்க."

"மூணு நாளாவா?"

"ஆமாங்க. சுத்தமா இருக்கட்டுமேன்னு."

கட்டின ரத்தத்தை எல்லாம் கழுவிக் கழுவித் துப்பியிருக்கிறார். அதற்காக என் காலைப் பொழுது போனது. தலையில் அடித்துக்கொண்டு அடுத்ததற்குப் போனேன்.

தங்கையின் ரத்தம். மருந்தை விட்டதும் கோடு பாதிவரைக்கும் ஏறியது. அங்கே கொஞ்சம் தடுமாறியது. அப்புறம் மெல்ல இறங்கி, கிளம்பின இடத்துக்கே வந்துவிட்டது.

"குண்டூசி! ரெண்டு டியூபையும் மாத்தி வெச்சிருக்கே!"

"இல்ல மேடம், நீங்கதானே லேபிள் ஒட்டினீங்க."

"நான் ஒட்டினா நீ வைக்கும்போது பார்க்க மாட்டியா?"

இதற்கு அவன் பதில் சொல்லவில்லை. பதினாறு வருஷத்தில் என்னிடம் அவன் கற்றுக்கொண்ட ஒரே விஷயம் அதுதான். மறுபடியும் ரத்தம் எடுக்க வாசலுக்குப் போனேன். தங்கை பஞ்சை அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தாள். ஊசி குத்தி முக்கால் மணி நேரம் ஆகியிருந்தது. பஞ்சு முழுக்க நனைந்து, அவள் சட்டைக் கையிலும் இறங்கியிருந்தது.

"ஒரு பஞ்சை ஒழுங்கா அழுத்திப் பிடிக்கத் தெரியாதா உனக்கு? சின்னக் குழந்தையா நீ?"

"அழுத்தித்தான் பிடிச்சிருக்கேன்" என்றாள். நான் அடுத்த கையில் குத்தினேன்.

இரண்டாவது தடவையும் கோடு ஏறி இறங்கியது. சரி, மருந்துதான் கெட்டுப்போயிருக்கிறது என்று கம்பெனிக்காரருக்குப் போன் போட்டேன். அவர் எல்லா ஊர்களிலும் நன்றாக இருக்கிறது, உங்களிடம் மட்டும் எப்படிக் கெடும் என்றார். எனக்கா காது குத்துகிறீர்கள் என்று கத்திவிட்டு வைத்தேன். புதுப் பாட்டில் உடைத்தோம். ஏறியது, இறங்கியது. மிஷினின் பக்கவாட்டில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினேன். ஏறியது, இறங்கியது. நாலு மருந்தில் ஒன்றே ஒன்றுக்குத்தான் ஒழுங்காக நின்றது. மணி ஒன்றைத் தாண்டிவிட்டது. பசி வேறு. மிஷினைத் தூக்கித் திறக்காத அந்த ஜன்னல் வழியாகவே வீசலாம் போல இருந்தது.

குண்டூசி சுவர் ஓரமாக நின்று, ரொம்பத் தயங்கி, ஒரு வார்த்தை சொன்னான்.

"மேடம், இப்ப உடைச்ச பாட்டில்லயும் தச்சரோடதைப் போட்டுப் பார்த்தேன். சூப்பரா ஏறுது. அப்போ மருந்து சரி. மிஷினும் சரி."

"அதுக்கு?"

"மிச்சம் இருக்கிறது உங்க தங்கச்சிதான்."

எனக்கு அவன்மேல் வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. "அவ நார்மல்டா! கவுன்ட் இருபது வருஷமா..." என்று ஆரம்பித்தவள், அந்த வாக்கியத்தை முடிக்கவில்லை. எண்ணுவது வேறு, ஒட்டுவது வேறு என்று புதிதாக வரும் ஒவ்வொரு டாக்டருக்கும் பாடம் எடுப்பவள் நான். கால் தானாக வாசலுக்குப் போனது.

அவள் இரண்டு கையிலும் பஞ்சோடு உட்கார்ந்திருந்தாள். ஊசி குத்தின இடத்தைச் சுற்றி நீலம் படர ஆரம்பித்திருந்தது. பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"உனக்குக் கடைவாய்ப் பல் எடுத்தாங்களே, அப்போ எவ்வளவு நேரம் ரத்தம் வந்துச்சு?"

அவள் என்னை விசித்திரமாகப் பார்த்தாள். "அஞ்சு நாள். தலையணை உறையெல்லாம் பாழாக்கிட்டேன்னு நீதானே திட்டினே."

"மூக்குல இப்பவும் வருதா?"

"மாசம் ஒரு தடவை. சொல்றதை விட்டுட்டேன்."

"ஏன் விட்டே?"

"சொன்னா நீ எண்ணிப் பார்ப்பே. நார்மல்னு சொல்லுவே. அப்புறம் எல்லாரும் சேர்ந்து சிரிப்பீங்க."

பெரிய டாக்டரிடம் காகிதங்களை எடுத்துக்கொண்டு ஓடினேன். முழங்காலைத் தேய்த்துக்கொண்டே ஒவ்வொரு கோடாகப் பார்த்தார். "ஒரு தட்டணு ஒட்டினதும் மத்ததைக் கூப்பிடறதுக்கு உள்ள சின்னச் சின்னப் பொட்டலமா சரக்கு வெச்சிருக்கும். இவங்களுக்கு அந்தப் பொட்டலம் காலி மாதிரி தெரியுது. முதல்ல ஒட்டுது, கூப்பிட ஆள் இல்லாம கையை விட்டுடுது. உறுதியாச் சொல்ல இன்னும் ரெண்டு டெஸ்ட் பார்க்கணும். பிறவியிலயே வர்றதுதான் பெரும்பாலும். யாரு இந்தப் பேஷன்ட்?" என்றார்.

சொன்னேன். அவர் காகிதத்திலிருந்து கண்ணை எடுத்து என்னைப் பார்த்தார். ஒன்றும் கேட்காமல் போனை எடுத்தார், நல்ல மனுஷர்.

ஆபரேஷன் டாக்டரம்மா அப்படிப்பட்டவர் இல்லை. நான் கோப்போடு போய் நின்றபோது அவருக்கு உச்சந்தலை வரைக்கும் எரிச்சல். "நாளைக்குக் காலையில தியேட்டர், மயக்க டாக்டர் எல்லாம் சொல்லியாச்சு. இப்ப வந்து இதைச் சொல்றீங்க. கவுன்ட் நார்மல், ரத்தக் கோளாறு எதுவும் இல்லைன்னு ஒரு தடவை இல்ல, ஏழு ரிப்போர்ட் இருக்கு இதுல. அதை நம்பித்தானே நான் அடுத்த டெஸ்டுக்கே போகலை. யாரு கையெழுத்து இது?"

ஏழிலும் என் கையெழுத்துதான். அடியில் இரண்டு கோடு போட்டு, அழகாக, அதிகாரமாக. அவரும் படித்துப் பார்த்துவிட்டார். அதற்கு மேல் கத்தவில்லை. கத்தியிருக்கலாம்.

"தெரியாம கத்தி வெச்சிருந்தா நாளைக்கு மேஜையிலேயே ரத்தத்தை நிறுத்த முடியாம நின்னிருப்பேன்" என்றார் மெதுவாக. "ஆபரேஷன் இப்ப இல்ல. ரத்தத்தை நிக்க வைக்கிற மருந்துகள் இருக்கு, அதை முறையாக் கொடுத்துப் பார்ப்போம். ரத்த நோய் டாக்டரையும் கூப்பிடறேன். கர்ப்பப்பையில எந்தத் தப்பும் இல்லாமலேயே இருக்கலாம். அவங்களை வரச் சொல்லுங்க."

நான் வராந்தாவில் ஓடினேன். இதய மாத்திரை சாப்பிடும் பொம்பளை ஓடக் கூடாத ஓட்டம். பயமும் சந்தோஷமும் வெட்கமும் ஒன்றாகச் சேர்ந்து துரத்தின. அவளிடம் மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னேன். கர்ப்பப்பையை எடுக்க வேண்டாம், கோளாறு தட்டணுவில், மருந்து இருக்கிறது, குழந்தைக்குக்கூட வழி இருக்கலாம், டாக்டர்கள் பார்த்துக்கொண்டால். அவள் கட்டிப்பிடித்து அழுவாள் என்று நினைத்தேன். நான் அழத் தயாராகத்தான் இருந்தேன்.

அவள் அழவில்லை. பஞ்சைப் பிரித்துப் பார்த்துவிட்டுக் கேட்டாள். "இந்த மிஷின் எப்போ வந்துச்சு?"

"பதினாறு வருஷம் ஆச்சு."

"நீ அது பக்கத்துலயேதான் உக்காந்திருந்தே."

"ஆமா."

"இன்னைக்கு உனக்கு ஆள் கிடைச்சிருந்தா நாளைக்கு எடுத்திருப்பாங்க."

அதற்கும் ஆமாம் என்றுதான் சொல்ல வேண்டும். "கவுன்ட் நார்மலாத்தான்டி இருந்துச்சு..." என்று என் வாய் பழக்கதோஷத்தில் ஆரம்பித்தது. அவள் முகத்தைப் பார்த்ததும் நின்றது. ஊரில் உள்ள நர்ஸ்களையும் கம்பெனிக்காரர்களையும் தச்சர்களையும் திட்டித் தீர்க்கிற இந்த வாய், வீட்டில் ஒருத்தி சொன்னதை உட்கார்ந்து கேட்க ஒரு தடவை மூடியிருந்தால் போதும். அவ்வளவு ஆத்திரம் எனக்கு என்மேல்.

"இப்பவும் நீ என்னை நம்பலைக்கா" என்றாள். "மிஷினை நம்பினே."

பையை நான் வாங்கப் போனேன். கொடுக்கவில்லை. அவளே தோளில் மாட்டிக்கொண்டு நடந்தாள். நான் பின்னால் போனேன். டாக்டரம்மா எதிர் நாற்காலியைக் காட்டி, ஒரு வெள்ளைக் காகிதத்தை எடுத்து வைத்துக்கொண்டு, "சின்ன வயசுலேருந்து எப்பெப்போ ரத்தம் வந்துச்சு, எல்லாத்தையும் சொல்லுங்க. அவசரமே இல்ல" என்றார். பழக்கத்தில் நான் பதில் சொல்ல ஒரு அடி முன்னால் வந்துவிட்டேன்.

தங்கை திரும்பி என்னைப் பார்த்தாள். "அக்கா வெளிய இருக்கட்டும் டாக்டர்" என்றாள்.

வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்தேன். நாலு மணி வாக்கில் குண்டூசி டீ வாங்கிக்கொண்டு வந்து பக்கத்தில் வைத்துவிட்டுப் போனான். உள்ளே அவள் இன்னும் பேசிக்கொண்டிருந்தாள்.